ராம்போ சாகாமல் போனதால்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ராம்போ படங்கள் ஐந்தையும் வரிசையாகப் பார்த்து முடித்தேன். முதல் படத்தில் சாவது ஒரே ஒருவர், அதுவும் ஹெலிகாப்டரிலிருந்து விழுந்து. அடுத்த படத்திலேயே ஒற்றை ஆளாக ஒரு படையை அழிக்கிறான். வியட்நாம் போரில் மனம் உடைந்தவனின் கதை இரண்டாம் பாகத்தில்தானே கெட்டுப்போனது?

செ., ஈரோடு

அன்புள்ள செ.,

எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள். எனக்கென்னவோ முதல் படத்தின் முடிவை மாற்றினார்களே, அங்கேயே தடம் புரண்டதாகத் தோன்றுகிறது.

டேவிட் மோரெல் 1972இல் எழுதிய மூல நாவலில் ராம்போ செத்துப்போகிறான். படத்துக்கும் அவன் சாகிற முடிவைப் படமாக்கினார்கள். முன்னோட்டக் காட்சி பார்த்தவர்களுக்கு அது பிடிக்கவில்லை. சரணடைவதாக மாற்றி 1982இல் வெளியிட்டார்கள். உயிரோடிருக்கும் கதாநாயகனை ஹாலிவுட் சும்மா விடுமா?

சரணடைவதற்கு முன், தன் பழைய ராணுவ மேலதிகாரி கர்னல் டிராட்மனிடம் அவன் பேசுவதை இன்னொரு முறை கேளுங்கள். வியட்நாமின் சைகோனில் ஒரு மதுக்கடை. ஷூ பாலீஷ் போட ஒரு சிறுவன் பெட்டியோடு வருகிறான். இவன் வேண்டாம் என்கிறான், நண்பன் சரி என்கிறான். இவன் பியர் வாங்கப் போன நேரத்தில் பெட்டி வெடிக்கிறது. நண்பனின் சதை இவன் மேலெல்லாம். அழுகையில் பாதி வார்த்தை புரியவே புரியாது. ராம்போவாக நடித்த ஸ்டாலோனின் குழறலைக் கேலி செய்பவர்கள் உண்டு. இந்த இடத்தில் தெளிவாகப் பேசியிருந்தால்தான் பொய்யாக இருந்திருக்கும். அவனுக்கு இருக்கும் நோய்க்கு, அதாவது பேரதிர்ச்சி மனதில் தங்கிவிடும் நோய்க்கு, பிடிஎஸ்டி என்ற பெயரே அமெரிக்க மனநல மருத்துவக் கையேட்டில் 1980இல்தான் ஏறியது.

1985இல் வந்த இரண்டாம் பாகத்தில், மறுபடி வியட்நாமுக்குப் போகச் சொல்லும் டிராட்மனிடம் அவன் கேட்கும் முதல் கேள்விகளில் ஒன்று, இந்த முறையாவது நம்மை ஜெயிக்க விடுவார்களா என்பது. அப்புறம் என்ன, அவனுடைய நோய் வெறும் தோல்வியாகிவிட்டது. ஜெயித்தால் தீர்ந்துவிடும். மூன்றாம் பாகத்தில் ஆப்கானிஸ்தான் போய் சோவியத் படையை அடிக்கிறான். 1988 மே 15 அன்று அந்தப் படை நிஜமாகவே வெளியேறத் தொடங்கியது, படம் வந்தது மே 25! 2008இல் ஸ்டாலோனே இயக்கிய பர்மா கதையில் ரத்தம் அதிகம் என்றாலும், கடைசியில் அவன் அரிசோனாவில் அப்பாவின் பண்ணைக்குத் திரும்புகிறான். அத்தோடு விட்டிருக்கலாம்.

விடவில்லை. 2019 படத்தில் வீட்டுக்கு அடியில் சுரங்கம் தோண்டி வைத்திருக்கிறான். சொந்தப் பண்ணைக்குக் கீழேயே ஒரு வியட்நாம். இதைவிட நுட்பமான நோய்க்குறியை எழுத முடியாது. ஆனால் படத்துக்கு அந்தச் சுரங்கம் தேவைப்படுவது, மெக்சிகோ கும்பலை உள்ளே இழுத்து ஒவ்வொருவராகக் கொல்லத்தான்.

நேரம் கிடைத்தால் நாவலைப் படியுங்கள். அதில் ராம்போவைத் துரத்தும் ஊர்க் காவல் தலைவர் ஷெரிஃப் டீசிலும் ஒரு பழைய சிப்பாய், கொரியப் போரில் இருந்தவர். ஒரு அத்தியாயம் இவன் பக்கம், அடுத்தது அவர் பக்கம் என்று போகும். படத்தில் அவருடைய பழைய போர் ஏறக்குறைய காணாமலே போய்விட்டது.