கேளுங்கள், சொல்கிறேன்: போர்குண்ட் மரத் தேவாலயம்

கேள்வி: நார்வேயில் முழுக்க முழுக்க மரத்தாலேயே கட்டிய தேவாலயம் 800 வருடங்களாக நிற்கிறதாமே? எங்கள் வீட்டு வாசல் நிலை முப்பது வருடத்திலேயே உளுத்துவிட்டது. அது எப்படி அம்மா சாத்தியம்?
– வாசகர், காரைக்குடி

பதில்: உங்கள் நிலை எந்த இடத்தில் முதலில் உளுத்தது ஐயா? தரையை ஒட்டிய அடிப்பக்கமாகத்தான் இருக்கும். நார்வேத் தச்சர்களும் அதே சங்கடத்தைப் பட்டுத்தான் தேறினார்கள்.

நீங்கள் கேள்விப்பட்டது அநேகமாக போர்குண்ட் தேவாலயம். மேற்கு நார்வேயில் லேர்டால் பள்ளத்தாக்கில் இருக்கும் சின்ன ஊர் அது. அந்த மரங்களின் ஆண்டு வளையங்களை ஆராய்ந்ததில், 1180-81 குளிர்காலத்தில் வெட்டியவை என்று தெரிந்திருக்கிறது. அதற்கு முந்தைய தலைமுறைத் தச்சர்கள் தூணை நேரே மண்ணில் குழி தோண்டி நட்டார்கள். ஈரம் ஏறி அடி மக்கிப்போனது, கட்டடமும் போனது. ஊர்னெஸ் என்ற ஊரில் இப்போதுள்ள தேவாலயத்துக்கு அடியில் தோண்டியபோது, பழைய தேவாலயத்தின் தூண் குழிகளே கிடைத்தன.

பிறகு வந்தவர்கள் மண்ணைத் தொடவே விடவில்லை. முதலில் கல் அடுக்கினார்கள். கல்லின் மேல் கனத்த உத்தரங்களைப் படுக்கவைத்துச் சட்டம் கோத்தார்கள். அந்தச் சட்டத்தின் மேல்தான் தூண்கள் எழும்பின. சுவர்ப் பலகைகளையும் செங்குத்தாக நிறுத்தி, ஒன்றின் ஓரத்தை அடுத்ததன் காடியில் செருகி, அடியை உத்தரத்தின் காடியில் இறக்கிவிட்டார்கள். இந்தக் கட்டுமுறைக்கு ஸ்டாவ் தேவாலயம் என்று பெயர். சுற்றிலும் கூரை போட்ட ஒரு வெளித் தாழ்வாரம் ஓடுகிறது. சாரலும் பனியும் சுவரில் அடிக்காது.

மரமும் சாமானியமானதல்ல. குளிர்நாட்டில் மெதுவாக வளர்ந்த பைன். வெளிச்சுற்று வெள்ளை மரத்தைச் செதுக்கித் தள்ளிவிட்டு, பிசின் ஊறிய வைரத்தை மட்டும் எடுத்தார்கள். நான் தச்சர் வீட்டுப் பெண். வைரம் பாய்ந்த கட்டையைத் தட்டிப் பார்த்தே எங்கள் அப்பா கண்டுபிடிப்பார். போர்குண்ட் தூணில் கை வைத்தபோது அவரைத்தான் நினைத்துக்கொண்டேன். உள்ளே நல்ல இருட்டு, உயரத்தில் சின்னச் சின்ன வட்டத் துளைகள் வழியாகத்தான் வெளிச்சம். கண் பழகியதும் தூண்களுக்கு இடையே பெருக்கல் குறி போல் மாட்டிய முட்டுக்கட்டைகள் தெரிகின்றன. மூலைகளில் இருக்கும் வளைவுத் தாங்கிகளை வேரும் அடிமரமும் சேருமிடத்தில் இயற்கையாகவே வளைந்த துண்டுகளிலிருந்து எடுத்திருக்கிறார்கள். நேர் கட்டையை வளைவாக அறுத்தால் நார் அறுந்து பலம் போய்விடும் என்று அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது. காற்று மோதும்போது இந்தத் தாங்கிகளும் முட்டுகளும்தான் கூட்டைச் சாயவிடாமல் பிடிக்கின்றன.

எல்லாவற்றுக்கும் மேலே தார். நம் சாலைத் தார் இல்லை. பிசின் நிறைந்த பைன் கட்டைகளை மூட்டம் போட்டுக் கனலவிட்டு வடித்தெடுப்பது. இதைத் தலைமுறை தலைமுறையாகத் திரும்பத் திரும்பப் பூசுகிறார்கள். கட்டிய தச்சர்களுக்குக் கொடுக்கும் மரியாதையைப் பூசியவர்களுக்கும் நான் கொடுப்பேன். நீங்களும் புது நிலை வைக்கும்போது அடியில் கல் கொடுத்து உயர்த்திவிடுங்கள்.

கேள்வி: அந்தத் தேவாலயத்தின் படத்தில் கூரை உச்சியில் டிராகன் தலைகள் இருக்கின்றன. சிலுவைக்குப் பக்கத்தில் அதற்கு என்ன வேலை?
– வாசகி, நாகர்கோவில்

பதில்: கூரை அடுக்கடுக்காக ஏறுகிறது. கீழ் முகடுகளில் சிலுவை, மேல் முகட்டில் வாய் பிளந்த டிராகன். பழைய மதத்தை ஒளித்து வைத்திருந்தார்கள் என்று சிலர் சொல்வது எனக்கு ஏற்புடையதாக இல்லை. நார்வேயைக் கிறிஸ்தவ நாடாக்கியவராகப் போற்றப்படும் ஒலாவ் அரசர் இறந்தது 1030-இல். போர்குண்ட் எழுந்தபோது அதற்குப் பிறகு 150 வருடங்கள் ஓடிவிட்டன. தச்சர் கைக்கு அந்த மிருக வடிவங்கள் பரம்பரையாகப் பழகியவை. கடவுளுக்கென்று கட்டும்போது தெரிந்ததில் சிறந்ததைக் கொடுத்தார்கள் என்றே நான் எண்ணுகிறேன்.

ஆனாலும் பழைய நம்பிக்கை மக்கள் வாயில் இருந்தது உண்மை. தோரிர் என்ற வழிப்போக்கர் ஒருவர், புனிதராகிவிட்ட அந்த ஒலாவின் திருநாளுக்கு முந்தின நாள் இந்தப் பக்கம் வந்தபோது ரூன் என்ற பழைய வட ஐரோப்பிய எழுத்தில் செதுக்கியது அங்கே இருக்கிறது. விதியை நெய்யும் நோர்ன் தேவதைகள் நல்லதும் செய்தார்கள், கெட்டதும் செய்தார்கள், எனக்குப் பெரும்பாடு வைத்தார்கள் என்று புலம்பியிருக்கிறார். தேவாலயத்து மரத்தில், புனிதரின் திருநாளையும் சொல்லி! என்ன கஷ்டமோ அவருக்கு.

கேள்வி: இப்போதும் அங்கே ஆராதனை நடக்கிறதா? இப்படி எத்தனை மிச்சம்?
– வாசகர், தூத்துக்குடி

பதில்: வாராந்தர ஆராதனை இல்லை. ஊர் மக்களில் பத்தில் மூன்று பங்கினருக்காவது தேவாலயத்தில் இடம் இருக்க வேண்டும் என்று 1851-இல் நார்வேயில் சட்டம் வந்தது. பழைய சின்னக் கோயில்கள் பல அதனால் இடிபட்டன. போர்குண்டில் 1868-இல் பக்கத்திலேயே பெரிதாக ஒன்றைக் கட்டினார்கள். பழையதைப் புராதனச் சின்னங்களைக் காக்கும் சங்கம் 1877-இல் வாங்கிக்கொண்டது.

நூற்றுக்கணக்கில் இருந்தவற்றில் இன்று நார்வேயில் எஞ்சியவை 28. வாங் ஊர்த் தேவாலயத்தை 1841-இல் ஏலத்தில் விற்றுவிட்டார்கள். அது கழற்றி எடுத்துச் செல்லப்பட்டு, இப்போது போலந்தின் கார்ப்பாச் ஊரில் நிற்கிறது. பெர்கன் அருகே ஃபான்டோஃப்ட் தேவாலயத்தை 1992 ஜூன் 6 அன்று தீவைத்து எரித்தார்கள். இன்று அங்கே நிற்பது மறுபடி கட்டியது. அதைப் படித்த நாளில் எனக்குச் சோறு இறங்கவில்லை.

அந்தப் பக்கம் போகும் வாய்ப்பு வந்தால் கோடையில் போங்கள், போர்குண்ட் திறந்திருக்கும். ஊர்னெஸையும் விட்டுவிடாதீர்கள். 1979 முதல் யுனெஸ்கோ பட்டியலில் இருக்கிறது. முந்தைய தேவாலயத்தின் கதவு நிலையையே அதன் வடக்குச் சுவரில் பதித்திருக்கிறார்கள். கொடியும் பாம்புமாகப் பின்னிய அந்தச் செதுக்கலைப் பார்க்க ஒரு முழுக் காலைப்பொழுதை ஒதுக்கிக்கொள்ளுங்கள்.