அண்ணன் வீட்டுக்குள் விட மறுக்கிறார். ஹைகோர்ட்டில் போலீஸ் பாதுகாப்பு கேட்கலாமா?

அப்பா சம்பாதித்துக் கட்டிய வீடு, உயில் எழுதாமல் இறந்துவிட்டார், பெண்ணுக்குப் பங்கில்லை என்று சொல்லி அண்ணன் உங்களை உள்ளே விடுவதில்லை, அங்கேயே இருக்கும் 71 வயது அம்மாவையும் அடிக்கப் போகிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். நேராக ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் ரிட் (போலீஸ் போன்ற அரசு அதிகாரிகளுக்கு உத்தரவிடும்படி கேட்கும் மனு) போடலாமா என்பது உங்கள் கேள்வி.

அப்படி நேராக ரிட் போட்டு ஐந்து மாதத்தை இழந்தவர்கள் நாங்கள்.

என் அம்மாவுக்குப் பாகப்பிரிவினையில் 62 சென்ட் தென்னந்தோப்பு வந்தது. பத்திரம் பதிவாகி, பட்டாவும் மாறியது. ஆனால் சர்வேயர் ஊன்றிய கல்லை அன்று சாயங்காலமே மாமா பிடுங்கிப் போட்டுவிட்டார். தேங்காய் வெட்ட வந்த ஆளையும் திருப்பி அனுப்பினார். ஸ்டேஷனில் சிஎஸ்ஆர் ரசீது (புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான ரசீது) கொடுத்து, "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்கம்மா" என்றார்கள். ஹைகோர்ட்டில் கிடைத்த உத்தரவில், எங்கள் புகாரைச் சட்டப்படி பரிசீலிக்கும்படி இன்ஸ்பெக்டருக்குச் சொல்லியிருந்தது. எல்லைத் தகராறுக்கு உரிமையியல் நீதிமன்றம் போகும்படி எங்களுக்குச் சொல்லியிருந்தது. அவ்வளவுதான். ஸ்டேஷனிலும் மறுபடி அதே பதில்தான்.

நீதிபதியைக் குறை சொல்ல முடியாது என்பது எனக்குப் பிறகுதான் புரிந்தது. சொத்து யாருடையது, யார் கையில் இருக்கிறது என்பதைப் போலீஸ் பாதுகாப்பு மனுவை வைத்து முடிவு செய்யக் கூடாது என்று 2006-இலேயே, கேரளத்திலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதற்குச் சாட்சி விசாரிக்க வேண்டும், பத்திரம் பார்க்க வேண்டும். ரிட்டில் அதற்கு இடமில்லை.

அப்புறம் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டு மாமா தலையிடக் கூடாது என்று இடைக்கால உறுத்துக் கட்டளை (தடை உத்தரவு) வாங்கினோம். கோர்ட் நியமித்த வக்கீல் கமிஷனர் சர்வேயரோடு வந்து அளந்து அறிக்கை கொடுத்தார். மாமா அதற்குப் பிறகும் கல்லைப் பிடுங்கினார். இந்த இடத்தில்தான் போலீஸ் பாதுகாப்பு என்பதற்கே பலம் வருகிறது: கோர்ட் உத்தரவு கையில் இருக்கிறது, எதிராளி அதை மீறுகிறார். சிவில் நடைமுறைச் சட்டம் 151-ஆவது பிரிவில் அதே கோர்ட்டில் 'போலீஸ் எய்டு' மனு போட்டோம். இரண்டு கான்ஸ்டபிள்கள் வந்து நின்றார்கள். மத்தியானத்துக்குள் வேலி முடிந்தது. மாமா திண்ணையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். அம்மா அன்று சாப்பிடவில்லை. கூடப் பிறந்தவரை அப்படிப் பார்க்க அவரால் முடியவில்லை.

சரி, உங்கள் விஷயம். எங்களுடையது பிரித்த சொத்து, உங்களுடையது இன்னும் பிரிக்காதது. உங்கள் அண்ணனும் ஒரு பங்காளி என்பதால் அவர் வரவே கூடாது என்று தடை வாங்குவது கஷ்டம். இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, வாரிசு அம்மா, அண்ணன், நீங்கள் என்று மூன்று பேர்தான் என்றால் ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு. பெண்ணுக்குப் பங்கில்லை என்று அவர் சொல்வது செல்லாது. நீங்கள் போட வேண்டியது பாகப்பிரிவினை வழக்கு. கூடவே, வழக்கு முடியும்வரை வீட்டை விற்கவோ அடமானம் வைக்கவோ கூடாது என்று ஒரு இடைக்காலத் தடை.

ஆனால் அம்மா விஷயம் வேறு. அதைச் சொத்து வழக்கோடு சேர்த்துக் கட்டாதீர்கள். அடிக்கப் போவது, வெளியே தள்ளுவேன் என்பது 'சிவில் மேட்டர்' ஆகாது. 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைச் சட்டத்தில், ஒரே வீட்டில் இருக்கும் தாய் தன் மகன் மீதே மாஜிஸ்திரேட்டிடம் மனு கொடுக்கலாம். அவரை வெளியேற்றக் கூடாது என்று உத்தரவிடவும், பாதுகாப்பு கொடுக்கும்படி பக்கத்து ஸ்டேஷனுக்குச் சொல்லவும் 19-ஆவது பிரிவு இடம் கொடுக்கிறது. மூத்த குடிமக்களுக்கான 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி கலெக்டரிடமும் மனு கொடுக்கலாம். திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்துக்கு அம்மாவையே கூட்டிக்கொண்டு போங்கள்.

அம்மாவின் பேரில் எழுதும் புகாரில் பங்கு, பத்திரம் பற்றி ஒரு வரிகூட வேண்டாம். என்றைக்கு, எத்தனை மணிக்கு, என்ன சொல்லி மிரட்டினார், யார் பார்த்தார்கள் என்பது மட்டும் இருக்கட்டும். சிஎஸ்ஆர் ரசீது வாங்காமல் ஸ்டேஷனை விட்டு வராதீர்கள். பாகப்பிரிவினை வழக்கை அடுத்த மாதம்கூடப் போடலாம், இதை இந்த வாரமே செய்யுங்கள்.