இருநூறு மொழிக்காரரும் ஒரு காலாவதிக் கொடியும்

கேள்வி: பெங்களூரு பௌரிங் ஆஸ்பத்திரிக்கு மாமாவைப் பார்க்கப் போயிருந்தேன். அந்தப் பெயருக்கு உரிய ஆங்கிலேயர் 200 மொழிகள் அறிந்தவர், பத்திரிகை ஆசிரியர், வெளிநாடுகளில் தூதராக இருந்தவர் என்று அங்கே ஒருவர் சொன்னார். இப்படிப்பட்ட மொழி அறிஞர்களையே தூதர்களாக அனுப்பினால் உலகத்தில் சண்டையே வராதே? உங்களைப் போன்ற பத்திரிகைகள் ஏன் இவர்களைப் பற்றி எழுதுவதில்லை?
– ஒரு வாசகர், ஆம்பூர்

பதில்: எழுதிவிட்டால் போகிறது. ஆனால் நீங்கள் நினைக்கிற மாதிரி இருக்காது.

முதலில் ஆளைச் சரிபார்த்துக்கொள்வோம். ஆஸ்பத்திரிக்குப் பெயர் தந்தவர் லூயின் பெந்தம் பௌரிங். 1862 முதல் 1870 வரை மைசூரில் கமிஷனராக இருந்தவர். நீங்கள் கேட்கும் மொழிக்காரர் அவருடைய அப்பா, சர் ஜான் பௌரிங். சண்டையே வராது என்றீர்களே, சீனாவோடு பிரிட்டன் நடத்திய இரண்டாம் அபின் போரைத் தொடங்கிவைத்ததில் பெரும்பங்கு இந்த அப்பாவுடையது. அதற்கு முன் அமைதிச் சங்கத்தில் இருந்தவர் என்பது கூடுதல் விசேஷம்.

ஜான் பௌரிங் 1792இல் இங்கிலாந்தின் எக்ஸெட்டரில், கம்பளி வியாபாரக் குடும்பத்தில் பிறந்தார். பதின்மூன்று வயதோடு பள்ளிக்கூடம் முடிந்தது. உள்ளூர் வியாபாரி ஒருவரிடம் வேலைக்குச் சேர்ந்தார். பிரெஞ்சு மொழியை, பிரான்ஸின் புரட்சிக்குத் தப்பி வந்த ஒரு பாதிரியாரிடம் கற்றார். இத்தாலியைக் கற்றுக்கொண்ட இடம் இன்னும் சுவாரசியம். தெருத்தெருவாகக் காற்றழுத்தமானி விற்றுக்கொண்டு வந்த இத்தாலிய வியாபாரிகளை நிறுத்திப் பேச்சுக் கொடுத்தே கற்றுக்கொண்டார். ஸ்பானிஷ், போர்ச்சுகீசு, ஜெர்மன், டச்சு எல்லாம் துறைமுகத்துக்கு வந்துபோன வணிகர்களிடமிருந்து வந்தவை. பையன் கெட்டிக்காரன், சந்தேகமில்லை.

அந்த 200 கணக்குக்கு வருகிறேன். அது அவரே சொல்லிக்கொண்டது: இருநூறு தெரியும், நூறு பேசுவேன் என்று. நாளுக்கு ஒரு மொழியில் வணக்கம் சொன்னாலும் இருநூறுக்கு ஆறரை மாதம் பிடிக்கும். ரஷ்ய, போலந்து, செர்பிய, ஹங்கேரிய, செக் கவிதைகளை வரிசையாக ஆங்கிலத்தில் தொகுத்து வெளியிட்டார். பலவற்றை ஜெர்மன் மொழிபெயர்ப்பின் துணையோடுதான் செய்தார் என்று அப்போதே முணுமுணுப்பு இருந்தது. இருக்கட்டும். 1830இல் ஹங்கேரியக் கவிதை என்று ஒன்று இருப்பதை இங்கிலாந்துக்குக் காட்டியவர் அவர்தான். அந்தப் பெருமையைப் பிடுங்க எனக்கு மனமில்லை.

பத்திரிகைக்கு வருவோம். தத்துவ அறிஞர் ஜெரமி பெந்தம் பணம் போட்டு 1824இல் தொடங்கிய ‘வெஸ்ட்மின்ஸ்டர் ரிவ்யூ’வுக்கு இவர் ஆசிரியர்களில் ஒருவர். மகனுடைய பெயரின் நடுவே இருப்பதும் இந்தப் பெந்தம்தான். பத்திரிகையின் தூணாக இருந்த ஜேம்ஸ் மில்லுக்கு இவரை ஆசிரியராக்கியது பிடிக்கவே இல்லை. ஆனாலும் கட்டுரை கொடுத்தார். ஆசிரியரைப் பிடிக்காமலே எழுதித் தருகிறவர்கள் எல்லாக் காலத்திலும் உண்டு. எனக்கும் சிலரைத் தெரியும்.

அப்புறம் நாடாளுமன்றம், சுதந்திர வணிகப் பிரசாரம், பவுனில் பத்தில் ஒரு பங்கு மதிப்புள்ள ஃபிளாரின் நாணயம் 1849இல் வரக் காரணமாக இருந்தது என்று பல வேலைகள். இதற்கிடையே வேல்ஸில் ஓர் இரும்பாலையில் போட்ட முதலீடு 1847-48 மந்தத்தில் மூழ்கிப்போனது. கையில் காசில்லை. அப்போது வெளியுறவு அமைச்சராக இருந்த நண்பர் பாமர்ஸ்டன் 1849இல் கான்டனில், அதாவது இன்றைய குவாங்சோவில், கான்சல் வேலை போட்டுக் கொடுத்தார். மொழி தெரிந்தவரைத் தேடிப் பிடித்து அனுப்பினார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். பிழைப்பைத் தேடிப் போன உத்தியோகம் அது. 1854இல் ஹாங்காங் கவர்னர், சர் பட்டம், சீனாவுக்கான பிரிட்டிஷ் தூதர் எல்லாம் சேர்ந்து வந்தன.

இப்போது கொடிக் கதை. ‘ஆரோ’ என்று ஒரு லோர்ச்சா, அதாவது பாய்க்கப்பல். உடம்பு ஐரோப்பியக் கட்டு, பாய் சீனப் பாய். சொந்தக்காரர் சீனர், மாலுமிகள் சீனர்கள், தலைவன் என்று பேருக்கு ஓர் ஐரிஷ் இளைஞன். ஹாங்காங்கில் பதிவு செய்துகொண்டு பிரிட்டிஷ் கொடி கட்டி ஓடியது. 1856 அக்டோபர் 8 அன்று, கடற்கொள்ளை விஷயமாகச் சீன அதிகாரிகள் கான்டனில் அதில் ஏறிப் பன்னிரண்டு மாலுமிகளைப் பிடித்துப்போனார்கள். தலைவன் அப்போது பக்கத்துக் கப்பலில் இருந்தான். கொடியை இறக்கினார்கள், இது எங்களுக்கு அவமானம் என்று குதித்தார் கான்சல் ஹாரி பார்க்ஸ். கப்பலில் இருந்தது சீனர்கள், உங்களுக்கு என்ன வேலை என்றார் சீன ஆணையர் யே மிங்சென்.

இதில் ஒரு சிக்கல். கப்பலின் பதிவு செப்டம்பர் 27ஆம் தேதியே காலாவதி. பௌரிங்குக்கு அது தெரிந்துவிட்டது. அக்டோபர் 11 அன்று பார்க்ஸுக்கு எழுதிய கடிதத்தில், ஆரோவுக்குப் பிரிட்டிஷ் கொடி ஏற்ற உரிமை இல்லை, உரிமம் முடிந்துவிட்டது என்று அவரே எழுதுகிறார். அதே பௌரிங் நவம்பர் 14 அன்று யேவுக்கு எழுதும்போது, என் பதிவின்படி அந்தக் கப்பல் பிரிட்டிஷ் கொடியைச் சட்டப்படிதான் கட்டியிருந்தது, அதில் சந்தேகமே இல்லை என்கிறார். இரண்டு கடிதங்களுக்கும் நடுவே ஐந்து வாரம்கூட இல்லை. இதற்குள் கான்டன் மேல் பீரங்கிக் குண்டுகள் விழுந்தாகிவிட்டன. யே பன்னிரண்டு பேரையும் திருப்பி அனுப்பியிருந்தார். மன்னிப்புக் கடிதம் வரவில்லை, கேட்ட முறைப்படி ஒப்படைக்கவில்லை என்று வாங்க மறுத்துவிட்டார்கள்.

ஏன்? கான்டன் கோட்டைக்குள் ஆங்கிலேயர் நுழைய வேண்டும் என்பது பௌரிங்கின் நெடுநாள் பிடிவாதம். அதற்கு ஒரு சாக்குத் தேடிக்கொண்டிருந்தார், கிடைத்தது. அபினும் சும்மா இல்லை. பாட்னா, காசிப் பக்கம் விளைந்து கல்கத்தாவில் ஏலம் போன அபின்தான் சீன வணிகத்தின் முதுகெலும்பு. அந்த வணிகத்தில் பெரும்புள்ளியான ஜார்டின் மேத்திசன் கம்பெனியில் இவருடைய இன்னொரு மகன் பங்குதாரர்.

லண்டன் நாடாளுமன்றத்தில் இதை எதிர்த்துத் தீர்மானம் கொண்டுவந்தவர் ரிச்சர்ட் காப்டன். சுதந்திர வணிகப் போராட்டத்தில் பௌரிங்கோடு தோளோடு தோள் நின்ற பழைய நண்பர். 1857 மார்ச்சில் 263க்கு 247 என்ற கணக்கில் அரசு தோற்றது. அதற்குள் பிரதமராகியிருந்த பாமர்ஸ்டன் உடனே தேர்தல் வைத்தார், ஜெயித்தார், காப்டன் தோற்றார். போர் நடந்தது. கான்டன் விழுந்து, பிடிபட்ட யே போய்ச் சேர்ந்த இடம் எது தெரியுமா? அபின் ஏலம் போன அதே கல்கத்தா. 1859இல் அங்கேயே இறந்தார்.

பௌரிங்கும் விலை கொடுத்தார், அதையும் சொல்லவேண்டும். 1857 ஜனவரி 15 காலை, ஹாங்காங்கில் ஈசிங் பேக்கரி ரொட்டி தின்ற நூற்றுக்கணக்கான ஐரோப்பியர்கள் வாந்தி எடுத்துச் சுருண்டார்கள். மாவில் ஆர்சனிக் பாஷாணம். அளவுக்கு மீறிப் போட்டதால் வாந்தியோடு வெளியே வந்து, பெரும்பாலோர் பிழைத்தார்கள். கவர்னர் மனைவி மரியாவும் அந்த ரொட்டியைச் சாப்பிட்டவர். அதன்பின் உடம்பு தேறவே இல்லை, அடுத்த வருடம் இங்கிலாந்தில் இறந்தார். பேக்கரி முதலாளி சியோங் ஆ லம்மை விசாரணையே இல்லாமல் தூக்கில் போடச் சொல்லி வெள்ளைக்காரர்கள் கூச்சல் போட்டபோது, ஜூரி முன் வழக்கு நடக்கட்டும் என்று நின்றவர் பௌரிங். சாட்சியம் போதாமல் ஜூரி விடுதலை செய்தது. வீட்டிலேயே பாதிக்கப்பட்டவர் இருக்கும்போது இப்படி நிற்பது சின்ன விஷயமில்லை. விடுதலையானவரை அப்புறம் ஊரைவிட்டே அனுப்பினார்கள் என்பது வேறு.

சரி, உங்கள் கேள்விக்கு நேராக. கான்டனில் அவருக்கு இல்லாமல் போனது சீன மொழி அறிவு என்றா நினைக்கிறீர்கள்? அந்த இரண்டு கடிதங்களையும் அவர் எழுதியது தாய்மொழியான ஆங்கிலத்தில்.

சயாம் (இன்றைய தாய்லாந்து) உதாரணத்தை எடுத்துக்கொண்டு நீங்கள் மறுப்பு எழுதலாம். எழுதுவீர்கள் என்று தெரியும். 1855 ஏப்ரலில் பாங்காக்கில், குண்டு ஒன்றும் வெடிக்காமல், மன்னர் மோங்குட்டோடு ஒப்பந்தம் முடித்தவர் இதே பௌரிங். மோங்குட்டும் பாலி, லத்தீன், ஆங்கிலம் எல்லாம் படித்தவர். இருபத்தேழு வருடம் துறவியாக இருந்தவர். இருவருக்கும் நன்றாகவே ஒத்துப்போனது. பிற்பாடு ஐரோப்பாவில் சயாமுக்கே தூதராக இவரை நியமிக்கும் அளவுக்கு. ஆனால் ஒப்பந்தத்தைப் படித்துப் பாருங்கள். இறக்குமதி வரி மூன்று சதவீதத்துக்கு மேல் கூடாது. ஆங்கிலேயர் தப்பு செய்தால் சயாம் நீதிமன்றம் விசாரிக்கக் கூடாது. அபினுக்கு வரியே கிடையாது. பக்கத்துப் பர்மாவை ஆங்கிலேயர் எப்படித் துண்டு போட்டார்கள் என்று மோங்குட்டுக்குத் தெரியும். நல்ல ஆங்கிலத்தில் பேசித்தான் இதற்கெல்லாம் ஒப்புக்கொண்டார்.

பௌரிங் 1872இல், பிறந்த எக்ஸெட்டரிலேயே இறந்தார். ஹாங்காங்கில் அவர் பெயரில் இன்னும் ஒரு தெரு இருக்கிறது. நம் பக்கம் கிடைப்பதெல்லாம் மகனுடைய பெயர்தான். ஆம்பூரிலிருந்து ரயிலில் கோலார் தங்கவயலுக்குப் போனால் பங்காரப்பேட்டையில் வண்டி மாறுவீர்களே, அதற்குப் பழைய பெயர் பௌரிங்பேட்டை. அங்கேயும் யாராவது 200 மொழி என்று ஆரம்பித்தால், அது அப்பா என்று சொல்லிவிடுங்கள்.