கேளுங்கள், சொல்கிறோம்: கதைசொல்லியும் நிழல் திரையும்

கே: ஜிம் ஹென்சனின் 'தி ஸ்டோரிடெல்லர்' தொடரை என் ஆறு வயது மகளுக்குக் காட்டலாமா? – வாசகி, ரோஸ் ஹில், மொரீசியஸ்

தாராளமாகக் காட்டலாம். வரிசையை மட்டும் நீங்கள் முடிவு செய்யுங்கள். பொம்மலாட்டக் கலைஞர் ஹென்சன் உருவாக்கி 1987-ல் தொடங்கிய இந்தத் தொலைக்காட்சித் தொடரில் மொத்தம் ஒன்பதே கதைகள், ஒவ்வொன்றும் அரை மணிக்குள் முடியும். எழுதியவர் ஆன்டனி மிங்கெல்லா. கதைசொல்லியாக நடிக்கும் ஜான் ஹர்ட் கணப்போரம் உட்கார்ந்து தன் நாயிடம் கதை சொல்வார். நாய் குறுக்கே குறுக்கே கேள்வி கேட்கும். பயம் கூடும் இடங்களில் குழந்தைக்குத் துணை அந்த நாய்தான்.

முதலில் 'எ ஸ்டோரி ஷார்ட்' பாருங்கள். வெறுங்கல்லைப் போட்டு சூப் வைக்கும் தந்திரத்தோடு கலகலப்பாக ஆரம்பிக்கும். 'தி ஹார்ட்லெஸ் ஜயன்ட்' கதையில் அரக்கனின் இதயம் வேறெங்கோ ஒரு முட்டைக்குள் ஒளித்துவைக்கப்பட்டிருக்கும். ஏழு கடல் ஏழு மலை தாண்டிக் கிளிக்குள் இருக்கும் மந்திரவாதியின் உயிர் நமக்குத் தெரிந்ததுதானே. நம் கதையில் கிளி செத்தால் நிம்மதி. இங்கே இளவரசனுக்கு அரக்கன்மேல் பாசம் வந்துவிடுகிறது. இளவரசனின் அண்ணன்மார் அந்த முட்டையை நசுக்கும்போது பிள்ளை அழக்கூடும். எனவே தூங்கப்போகும் நேரத்தில் வேண்டாம். 'ஸாப்சாரோ'வில் மோதிரம் பொருந்தியதால் மகள் அப்பாவையே மணக்கவேண்டிய நிலை வருகிறது. அதைப் பத்து வயதுக்குமேல் வைத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் நம் தீவின் கிரியோல் மொழி பேசும் பிள்ளைக்கு அந்த ஆங்கிலம் வேகம். கதையின் முக்கால் பாகத்தை முன்னதாகவே சொல்லிவிட்டு, முடிவைத் திரைக்கு விடுங்கள்.

கே: 'தி ஸ்டோரிடெல்லர்' தொடரில் வரும் நிழலுருவக் காட்சிகளை எங்கள் தமிழ் மாலை வகுப்பில் செய்ய முடியுமா? – ஆசிரியர், கத்ர் போர்ன்

முடியும். திரைக்கு ஒரு நாலு முழப் பருத்தி வேட்டி போதும். ஈரம் லேசாக இருக்கும்போதே மரச்சட்டத்தில் இழுத்து அடியுங்கள், காய்ந்தால் விறைப்பாகும். கரை கறுப்புக் கோடாக விழும், அதைச் சட்டத்துக்குப் பின்னால் மடித்துவிடுங்கள்.

பெரும்பாலும் கெடுவது வெளிச்சத்தில்தான். குழல் விளக்கு நீளமாக எரிவதால் நிழலின் விளிம்பு மங்கும். இரண்டு விளக்கு வைத்தால் இரண்டு நிழல். அறையை இருட்டாக்கி, கைபேசி டார்ச் ஒன்றைத் திரைக்கு ஒன்றரை மீட்டர் பின்னால், ஆட்டுபவர் தலைக்கு மேலே கட்டுங்கள். உருவம் துணியைத் தொட்டால் நிழல் கூர்மையாக இருக்கும். விளக்கை நோக்கி நகர்த்தினால் பெரிதாகி மங்கும். அரக்கன் வரும்போது அதுவே வேண்டும்.

உருவங்களைக் கறுப்பு அட்டையில் 25 செ.மீ. உயரத்தில் பக்கவாட்டில் வெட்டுங்கள். நேர்முகம் வெறும் உருண்டையாகத் தெரியும். ஓர் உருவத்துக்கு ஒரு மூட்டு போதும். மூட்டை இணைக்கும் பித்தளைக் கிளிப்பை இறுக்கினால் கை பாதியில் நின்றுவிடும், கொஞ்சம் தளர்வாக விடுங்கள். மூங்கில் குச்சியை ஒரு காலின் பின்னால் நேராக ஒட்டினால் அதன் நிழல் காலோடு மறையும்.

கதைக்கு மொரீசியஸை விட்டு வெளியே போகவேண்டாம். 1888-ல் ஷார்ல் பெஸாக் தொகுத்த கிரியோல் கதைகளில், ராஜாவின் குளத்தருகே முயலும் ஆமையும் மோதும் கதை இருக்கிறது. இரண்டு முக்கிய உருவங்கள், குளத்துக்கு ஒரு நீலக் கண்ணாடிக் காகிதம், அவ்வளவுதான். ஆமை முதுகில் பசை பூசி முயலைப் பிடிக்கும். ஆமை அட்டையின் முதுகில் இருபக்க ஒட்டுநாடா வையுங்கள், முயல் நிஜமாகவே ஒட்டிக்கொள்ளும்.

கே: ஹென்சனின் கிரேக்கக் கதைகளும் 'தி ஸ்டோரிடெல்லர்' தொடர்தானா? – வாசகர், போர்ட் லூயிஸ்

அது இதன் தொடர்ச்சி. பெர்சியஸ், தீசியஸ், ஆர்ஃபியஸ், டீடலஸ் என நான்கு கதைகள். சொல்பவர் மைக்கேல் காம்பன். நாய் அதேதான்.