ஸ்டேக்கை (வாட்டிச் சமைக்கும் இறைச்சித் துண்டு) அடுப்பிலிருந்து எடுத்ததும் வெட்டக் கூடாது என்கிறார்களே, காத்திருப்பதால் உண்மையில் பயன் உண்டா?

உண்டு. ஆனால் வழக்கமாகச் சொல்லப்படும் காரணத்துக்காக அல்ல.

"சூட்டில் சாறெல்லாம் நடுப்பகுதிக்கு ஓடிவிடும், ஆறவிட்டால் திரும்பிப் பரவும்" என்பதை நானும் வெகுகாலம் நம்பியிருந்தேன். ஆனால் நடுப்பகுதியில் ஏற்கெனவே நீர் நிறைந்திருக்கிறது. வெளியே இருப்பது அங்கே போய் ஒதுங்க இடம் ஏது? இறைச்சி ஏறக்குறைய 50 டிகிரி செல்சியஸைத் தாண்டும்போது தசைப் புரதங்கள் சுருங்கி, பிடித்துவைத்திருந்த நீரை வெளியே தள்ளுகின்றன. சுடச்சுட வெட்டினால் அது தண்ணீராய்த் தட்டில் ஓடும். சற்று ஆறினால், அதில் கரைந்துள்ள புரதத்தால் கொஞ்சம் கெட்டிப்பட்டு, ஓரளவு நார்களுக்கிடையிலேயே தங்கும். (சிவப்பாக வழிவதை இரத்தம் என்று முகம் சுளிக்க வேண்டாம். அது மயோகுளோபின் என்ற சிவப்பான தசைப் புரதம் கலந்த நீர்.)

என்னைக் கேட்டால், சாற்றைவிடப் பெரிய விஷயம் வெப்பம். வெப்பமானி வாங்கிய புதிதில், உள்ளே 55 டிகிரி காட்டியதும் பெருமையோடு எடுத்து, அலுமினியத் தாளில் இறுக்கிச் சுற்றிப் பத்து நிமிடம் வைத்தேன். பிரித்தபோது 60 டிகிரி. நான் விரும்பிய இளஞ்சிவப்பு மங்கிவிட்டது. பாடுபட்டு முறுகவைத்த மேற்புறம் நீராவியில் ஊறிச் சொதசொதத்துக் கிடந்தது. அடுப்பை அணைத்தாலும் வெளிப்புறச் சூடு உள்ளே ஊர்ந்துகொண்டேதான் இருக்கும். காத்திருக்கும் நேரமும் சமையல்தான் என்பது அன்றுதான் உறைத்தது.

இப்போது 51, 52 டிகிரியிலேயே எடுத்து, கம்பித் தட்டின் மேல் மூடாமல் வைக்கிறேன். மூன்று, நான்கு சென்டிமீட்டர் தடிமனுக்கு ஐந்து முதல் எட்டு நிமிடம் போதும். மெல்லிய துண்டுக்கு இதெல்லாம் வேண்டாம், ஆறிப்போவதுதான் மிச்சம். மிதமான சூட்டில் ஓவனில் மெதுவாக வேகவைத்ததற்கும் அதிகக் காத்திருப்பு தேவையில்லை. உள்ளுக்கும் வெளிக்கும் வெப்ப வேறுபாடு அங்கே குறைவு.

ஒன்று, என் கணக்கு ருசிக்கானது. அமெரிக்க வேளாண் துறை முழுத் துண்டு இறைச்சிக்கு 63 டிகிரியும், எடுத்தபின் குறைந்தது 3 நிமிடமும் சொல்கிறது. அந்த 3 நிமிடம் சாற்றுக்காக அல்ல, கிருமிகள் சாவதற்காக. கர்ப்பிணிகளும் நோய் எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்களும் அதையே பின்பற்றட்டும்.

எவ்வளவு பொறுத்தாலும் தட்டில் கொஞ்சம் சாறு தேங்கத்தான் செய்யும். நாருக்குக் குறுக்கே வெட்டி, அதைத் துண்டுகளின் மேலேயே ஊற்றிவிடுங்கள்.