அந்தக்கால மும்பை தாதாக்கள் நல்லவர்களா? தெருக் கும்பல் எப்படிப் பெரிய குற்ற அமைப்பாக மாறுகிறது?

கேள்வியில் இரண்டு விஷயம் இருக்கிறது. தெருமுனையில் நிற்கும் பையன்கள் கூட்டம் எப்படி ஒரு நகரத்தையே ஆட்டிவைக்கும் அமைப்பாகிறது என்பது ஒன்று. ஹாஜி மஸ்தான், வரதராஜ முதலியார் காலத்துத் தாதாக்கள் ஏழைகளுக்கு உதவினார்கள், பின்னால் வந்தவர்கள்தான் கெடுத்துவிட்டார்கள் என்கிறார்களே, அது உண்மையா என்பது இன்னொன்று. நான் தாராவியில் வளர்ந்தவன். அப்பா திருநெல்வேலிப் பக்கமிருந்து தோல் பதனிடும் வேலைக்கு வந்தவர். அதனால் எனக்குத் தெரிந்த மும்பையை வைத்தே சொல்கிறேன்.

எல்லாரும் கத்தி, துப்பாக்கியிலிருந்து கதையை ஆரம்பிப்பார்கள். நான் சாராயத்திலிருந்து ஆரம்பிக்கிறேன், ஏனென்றால் அது அங்கேதான் ஆரம்பித்தது.

1949ல் பம்பாய் மாகாணத்தில் மதுவிலக்குச் சட்டம் வந்தது. மறுவருடமே முழு மதுவிலக்கு. மில் தொழிலாளியும் துறைமுகக் கூலியும் அதற்காகக் குடியை விட்டுவிடவில்லை. தாராவி அப்போது மித்தி ஆற்றை ஒட்டிய சதுப்பு நிலம். சந்துக்குள் இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் ஒதுங்கித்தான் ஆகவேண்டும், போலீஸ் ஜீப் எங்கே நுழைவது? கறுப்பு வெல்லம், நவச்சாரம், ஒரு தகர டிரம், இவை போதும். காய்ச்சிய சரக்கு பாட்டிலில் போகாது. பாட்டில் உடையும், சத்தம் போடும். லாரி டயரின் உள் ட்யூபில் ஊற்றி, வாயை இறுக்கிக் கட்டி, சாக்கால் மூடித் தோளில் மாட்டிக்கொண்டு போவார்கள். ரப்பரும் புளித்த வெல்லமும் கலந்த அந்த நாற்றம் எங்கள் சந்தில் சாக்கடை நாற்றத்தையும் தாண்டி வரும். தூக்கியவர்கள் பெரும்பாலும் பதினைந்து, பதினாறு வயதுப் பையன்கள். நடைக்கு இவ்வளவு என்று கூலி.

அந்தத் தொழிலில் நான்கு வகை ஆட்கள் இருந்தார்கள். காய்ச்சுகிறவர், தூக்குகிறவர், முனையில் நின்று போலீஸ் வந்தால் விசில் அடிக்கிறவர், ஸ்டேஷனுக்கு வாராவாரம் ஹஃப்தா, அதாவது மாமூல், கொண்டுபோய்க் கொடுக்கிறவர். முதல் மூன்று பேரை எந்தத் தெருவிலும் பிடிக்கலாம். உங்கள் கேள்விக்கான பதில் நான்காவது ஆளிடம் இருக்கிறது.

காரணம் எளிது. ஐம்பது அடுப்பு எரிகிற இடத்தில் ஐம்பது பேரும் தனித்தனியாக மாமூல் பேச முடியாது. போலீஸுக்கும் அது தொல்லை. எல்லார் சார்பிலும் ஒருவர் பேசினால் இரண்டு பக்கத்துக்கும் வசதி. அவர் வசூலிக்கிறார், கொண்டுபோய்க் கொடுக்கிறார். கொஞ்ச நாளில் யார் காய்ச்சலாம், யார் காய்ச்சக் கூடாது என்பதையும் அவரே முடிவு செய்கிறார். அவருக்குப் பணம் கட்டாதவன் அடுப்பை அணைக்க அவர் ஆள் அனுப்பக்கூட வேண்டாம், ஸ்டேஷனுக்கு ஒரு வார்த்தை சொன்னால் போலீஸே வந்து உடைத்துவிடும். தெருக் கும்பலுக்கும் அமைப்புக்கும் உள்ள வித்தியாசம் இதுதான். தெருக் கும்பலுக்கு ஒரு முனை சொந்தம், ஒரு பெயர், ஒரு பகை, அவ்வளவே. அமைப்புக்கு அரசாங்கத்தோடு ஒரு கணக்கு இருக்கும். 1920 முதல் 1933 வரை அமெரிக்காவில் மதுவிலக்கு இருந்தபோது சிகாகோவில் நடந்ததும் இதேதான்.

வரதராஜ முதலியாரும் அப்படித்தான் எழுந்தார். தமிழ்நாட்டிலிருந்து வந்து வி.டி. என்ற விக்டோரியா டெர்மினஸ் ரயில் நிலையத்தில் போர்ட்டராக இருந்தவர். கள்ளச்சாராயம், துறைமுகச் சரக்குத் திருட்டு, பிறகு சயான் கோலிவாடா, ஆன்டாப் ஹில் பக்கம் அரசாங்க நிலத்தில் குடிசை போடவைத்து வசூல். குழாய் வேண்டுமா, ரேஷன் கார்டு வேண்டுமா, பெண்ணுக்குக் கல்யாணச் செலவா, அவரிடம் போனால் நடக்கும் என்ற பேர் இருந்தது. மாட்டுங்கா ஸ்டேஷன் பக்கத்தில் அவர் போட்ட கணபதிப் பந்தலுக்கு நகரமே வரும்.

எங்கள் சனம் அவரை ஏன் நேசித்தது என்பதை நான் குறைத்துப் பேசமாட்டேன். 1966ல் சிவசேனா தொடங்கியபின் 'மதராஸி' என்றால் அடி என்கிற காலம். தென்னிந்தியர் ஹோட்டல்களைத் தாக்கினார்கள். வேட்டி கட்டிக்கொண்டு தாதர் பக்கம் போக அப்பா தயங்கியது எனக்கு நினைவிருக்கிறது. மாநகராட்சி எங்களைக் குடிமக்களாகவே கணக்கில் எடுக்கவில்லை. அந்த நிலையில் தமிழில் பேசி, குறை கேட்டு, குழாய் போட்டுக் கொடுத்த ஒருவரை மக்கள் தெய்வமாக நினைத்தார்கள். இயல்புதான்.

ஆனால் அந்தக் குழாய்க்கு விலை இருந்தது. அந்தக் காலத்துச் சந்துகளில் ராத்திரி கதவு தட்டி, "அக்கா, இதை விடியுறவரைக்கும் உள்ள வையுங்க" என்று ட்யூபை நீட்டினால் முடியாது என்று சொல்ல யாருக்கும் வாய் வராது. எங்கள் அம்மாவும் சொன்னதில்லை. ரெய்டு வந்தால் மாட்டுவது வீட்டுக்காரி. சாட்சி சொல்லக் கூப்பிட்டால் ஊமையாகிவிட வேண்டும். அந்தச் சரக்கைக் குடித்துக் கண் போனவர்களும் செத்தவர்களும் உதவி பெற்ற அதே குடிசைக்காரர்கள்தான். வெகு காலத்துக்குப் பிறகு, 2015ல் மால்வணியில் மெத்தனால் கலந்த சாராயம் நூறு பேருக்கு மேல் பலிகொண்டது. அத்தனை பேரும் ஏழைகள். ஆகவே, உதவினார்களா என்றால் உதவினார்கள். அது எங்கள் மௌனத்துக்குக் கொடுத்த கூலி என்பதுதான் என் முடிவு. அரசாங்கம் நேராகக் குழாய் போட்டிருந்தால் அந்த வியாபாரமே நடந்திருக்காது.

அடுத்தது தங்கம். ஹாஜி மஸ்தான் ராமநாதபுரம் மாவட்டம் பனைக்குளத்தில் பிறந்தவர். சின்ன வயதிலேயே பம்பாய் போய், 1940களில் துறைமுகக் கூலியானவர். சுதந்திரத்துக்குப் பிறகு தங்க இறக்குமதியை அரசாங்கம் இறுக்கிக்கொண்டே போனது. 1963ல் புது நகைகளை 14 காரட்டுக்கு மேல் செய்யக் கூடாது என்று உத்தரவு வந்தது. 14 காரட்டில் தாலி செய்ய எந்த வீட்டில் ஒப்புவார்கள்? 1968ல் வந்த தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் சாதாரண மக்கள் தங்கக் கட்டி வைத்திருப்பதையே தடுத்தது. பம்பாயில் மதுவிலக்கைக் கொண்டுவந்தபோது உள்துறை அமைச்சர், தங்கக் கட்டுப்பாட்டைக் கொண்டுவந்தபோது மத்திய நிதியமைச்சர், இரண்டும் மொரார்ஜி தேசாய்தான். கொள்கையில் உறுதியானவர், நாட்டின் அந்நியச் செலாவணியைக் காக்க நினைத்தார். ஆனாலும் அந்த இரண்டு சட்டங்களும் மும்பையின் தாதாக்களுக்கு முதலீடாக அமைந்தன.

துபாயிலிருந்து பாய்மரக் கப்பலில் பத்துத் தோலா பிஸ்கட்டுகள் வரும். ஒன்று ஏறக்குறைய 116 கிராம். வரிசை வரிசையாகச் சின்னப் பைகள் தைத்த காடாத்துணி ஜாக்கெட்டைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டு கரைக்குக் கொண்டுவருவார்கள். அந்தத் தங்கம் கடைசியில் நம் வீட்டுக் கல்யாணங்களுக்குத்தான் வந்தது. வாங்கினவர்கள் யாரும் தங்களைக் குற்றவாளியாக நினைக்கவில்லை. சுங்கத்துறையில் நான்காவது ஆளின் கணக்கு ஓடிக்கொண்டிருந்தது. சாராயத்துக்கு ஸ்டேஷன் மாமூல் என்றால் இதற்குக் கடற்கரை முழுக்க மாமூல்.

இதோடு பஞ்சாயத்துத் தொழிலும் வளர்ந்தது. 1947ன் வாடகைச் சட்டத்தின் கீழ் ஒரு குடித்தனக்காரரைக் காலி செய்ய வழக்குப் போட்டால் மகன் காலத்தில் தீர்ப்பு வரும். செக் திரும்பினால் அது குற்றம் என்று சட்டம் வந்ததே 1989ல்தான். அதுவரை கடன் வசூலிக்க சிவில் கோர்ட்டில் வருடக்கணக்கில் நிற்க வேண்டும், இல்லாவிட்டால் கரீம் லாலா என்ற தாதாவின் பட்டான் ஆட்களிடம் போகவேண்டும். மரியாதைப்பட்ட வியாபாரிகள் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தார்கள். கறுப்புப் பணத்தில் நடந்த பேரத்துக்கு கோர்ட்டுக்குப் போகவும் முடியாதே.

ஆள்பலம் எங்கிருந்து வந்தது? அதற்கு மில் பகுதியைப் பார்க்க வேண்டும். லால்பாக், பரேல், பைகுலா. முதலில் அங்கே மட்கா சூதாட்டம். நியூயார்க் பருத்திச் சந்தையின் விலையில் கடைசி எண் என்ன என்று பந்தயம் கட்டுவதில் ஆரம்பித்து, அந்த விலை வருவது நின்றபின் பானையிலிருந்து சீட்டு எடுப்பதாக மாறியது. மில் சங்கு ஊதி ஷிஃப்ட் விட்டதும் தொழிலாளி வழியில் நாலணா கட்டிவிட்டுப் போவார். 1982 ஜனவரி 18ல் தொழிற்சங்கத் தலைவர் தத்தா சாமந்த் தலைமையில் ஏறக்குறைய இரண்டரை லட்சம் மில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அது முறையாக முடிந்ததாக அறிவிக்கப்படவே இல்லை. பல மில்கள் திறக்கவில்லை. அப்பா மில்லுக்குப் போவார், மகனும் அதே மில்லில் சேருவான் என்றிருந்த வாழ்க்கை இரண்டு வருடத்தில் போய்விட்டது. உடற்பயிற்சிக் கூடத்தில் உடம்பு வளர்த்த பையன்கள் வேலை இல்லாமல் சாலின், அதாவது தொழிலாளர் குடியிருப்புக் கட்டடத்தின், மாடிப்படியில் உட்கார்ந்திருந்தார்கள். பைகுலாவில் ராமா நாயக், பாபு ரேஷிம், அருண் காவ்லி கூட்டத்துக்குப் பஞ்சமில்லாமல் ஆள் கிடைத்தது. தெருக் கும்பல் வேறெங்கிருந்தும் வருவதில்லை. பையனுக்கு நிச்சயமாக இருந்த ஒரு பாதையை அடைத்துவிட்டால் போதும்.

இந்தக் காலத்தில்தான் தாவூத் இப்ராகிம். டோங்ரியில் வளர்ந்த போலீஸ் ஹெட் கான்ஸ்டபிளின் மகன். 1981ல் அண்ணன் சபீர் கொலையான பிறகு பட்டான் கும்பலோடு பழிக்குப் பழி. 80களின் நடுவில் துபாய்க்குப் போய்விட்டார். கும்பல் என்பது 'கம்பெனி' ஆனது அங்கேதான். தலைவனுக்குத் தெரு வேண்டியதில்லை, போன் போதும். ஷூட்டருக்குத் தன்னை அனுப்பியவன் முகமே தெரியாது. இங்கே வரதராஜனை ஒய்.சி. பவார் என்ற போலீஸ் அதிகாரி ஓட ஓட விரட்டினார். வரதராஜன் சென்னைக்குப் போய் 1988ல் இறந்தார்.

1990ல் தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் ரத்தானது. 1992ல் வெளிநாட்டிலிருந்து வருபவர்கள் வரி கட்டித் தங்கம் கொண்டுவரலாம் என்றானது. நாற்பது வருடக் கடத்தல் தொழிலின் லாபம் சரிந்தது. ஆனால் கடற்கரை ஆட்கள், படகுகள், லாரிகள், மாமூல் வாங்கிப் பழகிய அதிகாரிகள் எல்லாம் அப்படியே இருந்தார்கள். பாபர் மசூதி இடிப்புக்கும் மும்பைக் கலவரத்துக்கும் பிறகு, 1993 ஜனவரியில் ராய்காட் கரையில் திகியில் ஆயுதங்கள் இறங்கின. பிப்ரவரியில் சேகாடியில் ஆர்.டி.எக்ஸ். என்ற வெடிமருந்து இறங்கியது. திகியிலிருந்து வந்த லாரிகளைப் போலீஸார் வழியில் மறித்தார்கள். பேரம் பேசினார்கள். கடத்தல்காரர்கள் கையில் போதிய ரொக்கம் இல்லாததால் வெள்ளிக் கட்டிகளை ஈடாக வாங்கிக்கொண்டு விட்டுவிட்டார்கள். வழக்கில் நிரூபணமான விஷயம் இது. சுங்க அதிகாரிகளும் தண்டனை பெற்றார்கள். மார்ச் 12 அன்று தொடர் குண்டுவெடிப்பில் 257 பேர் செத்தார்கள்.

'அந்தக்காலத் தாதாக்கள் நல்லவர்கள்' என்று யாராவது சொல்லும்போது எனக்கு அந்த வெள்ளிக் கட்டிகள்தான் ஞாபகம் வரும். வாட்சுக்கும் தங்கத்துக்கும் என்று திறந்துவைத்த வழி அது. எதற்கு லஞ்சம் வாங்குகிறோம் என்று கேட்காமல் வாங்கும் பழக்கத்தை முப்பது வருடமாக ஊட்டி வளர்த்தவர்கள் அந்த மரியாதையான பழைய ஆட்கள். அவர்கள் குண்டு வைக்கவில்லை, உண்மை. ஆனால் பாதை அவர்கள் போட்டது.

அதற்குப் பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடலாம். தங்கம் போனதும் கண்டணி, அதாவது மிரட்டிப் பணம் பறிப்பது. கட்டடக்காரர்கள், சினிமாக்காரர்கள், ஹோட்டல்காரர்கள். 'ஒரு பெட்டி அனுப்பு' என்றால் லட்சம், 'கோக்கா' என்றால் கோடி. மில் நிலங்களை விற்க வழி பிறந்ததும் 1994ல் ஒரு மில் முதலாளியே நடுச்சாலையில் சுடப்பட்டார். 1997ல் இசைக் கம்பெனி முதலாளி குல்ஷன் குமார் கொலை. 1999ல் மோக்கா என்ற திட்டமிட்ட குற்றங்களுக்கு எதிரான சட்டம், கூடவே என்கவுன்டர்கள். என்கவுன்டர்தான் மும்பையைச் சுத்தம் செய்தது என்று பலர் நம்புகிறார்கள். எனக்கு அது ஏற்புடையதல்ல. 2006ல் நடந்த ஒரு போலி என்கவுன்டருக்காக 2013ல் 13 போலீஸ்காரர்கள் தண்டிக்கப்பட்டார்கள். கொல்லப்பட்டவரின் எதிர்த் தரப்பு கொடுத்த வேலையை அவர்கள் செய்தார்கள் என்பதுதான் வழக்கு. நான்காவது ஆளின் கணக்கு வேறு பேரேட்டுக்கு மாறியிருந்தது, அவ்வளவே. சுடப்பட்டவர்களில் பெரும்பாலோர் சாலிலும் குடிசையிலும் வளர்ந்த இருபது, இருபத்தைந்து வயதுப் பையன்கள். துபாயிலிருந்து போன் செய்தவர்கள் அல்ல.

உங்கள் ஊரில் இப்படி ஏதாவது வளர்கிறதா என்று தெரிந்துகொள்ள ரவுடிகள் பட்டியலைப் பார்க்காதீர்கள். ஆற்றில் மணல் யார் அள்ளுகிறார்கள், கோடையில் தண்ணீர் லாரி யார் கட்டுப்பாட்டில் ஓடுகிறது, பட்டா மாறுதலுக்கு எந்த புரோக்கர் வழியாகப் போனால்தான் வேலை நடக்கிறது என்று பாருங்கள். எல்லார் சார்பிலும் ஆபீஸுக்குப் பணம் கொண்டுபோய்க் கொடுக்கிற ஒருவர் இருப்பார். அவரைச் சுற்றி நிற்கும் பையன்கள் வருடத்துக்கு வருடம் மாறுவார்கள். அவர் மாறமாட்டார்.