பரோல் நிபந்தனைகள் எல்லாக் கைதிகளுக்கும் நியாயமாகத்தான் விதிக்கப்படுகின்றனவா?

காகிதத்தில் பார்த்தால் நியாயம்தான். ஏறக்குறைய எல்லோருக்கும் அதே வரிகள்: ஜாமீன்தாரர் வேண்டும், சொன்ன வீட்டிலேயே தங்க வேண்டும், ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். வசதி இருக்கிறவனுக்கு இது ஒன்றுமே இல்லை. இல்லாதவனுக்கு அதுவே இன்னொரு தண்டனை.

என் தாய்மாமா, வரப்புத் தகராறில் நடந்த ஒரு கொலை வழக்கில் ஆயுள் கைதி. (அவர் செய்தது சரி என்று சொல்ல வரவில்லை.) பாட்டி இறந்தபோது வழிக்காவலோடு அனுப்பினார்கள். கூட வந்த போலீஸ்காரர்களுக்குச் சாப்பாடு, டீ, வண்டி வாடகை எல்லாம் எங்கள் செலவு. சாவுச் செலவுக்கே அம்மா சங்கிலியை அடகு வைத்திருந்த நேரம் அது.

அப்புறம் ஒருமுறை, ஒழுகுகிற வீட்டைச் சரி செய்ய என்று சாதாரண விடுப்பில் (பரோலில் ஒரு வகை) வந்தார். தமிழ்நாட்டு விதிகளில் வீடு பழுது பார்க்கவும் விடுப்புக் கேட்கலாம். ஆனால் தினமும் காலையில் கையெழுத்து. ஊரிலிருந்து ஸ்டேஷனுக்கு நேர் பஸ் கிடையாது, எப்படியோ போய்ச் சேர்ந்தால் ரைட்டர் பந்தோபஸ்துக்குப் போயிருப்பார், கையெழுத்து நோட்டு பீரோவுக்குள் இருக்கும், சாவி அவர் பையில் இருக்கும், இவர் வெளியே வேப்பமரத்தடியில் மத்தியானம் வரை உட்கார்ந்திருப்பார். கேட்டு வாங்கிய லீவில் பாதி அங்கேயே போனது. வேலைக்கு வந்த கொத்தனாருக்குக் கூலி மட்டும் நிற்கவில்லை.

இன்னொரு நிபந்தனையும் இருந்தது: கொலையானவருடைய குடும்பம் இருக்கும் தெருப் பக்கமே போகக் கூடாது. அதில் எனக்கு மனக்குறை இல்லை. அந்த வீட்டு அக்கா தண்ணீர் பிடிக்க வாசலுக்கு வரும்போது எதிரில் இவர் நின்றால் எப்படி இருக்கும்? எதற்கு இந்த நிபந்தனை என்று கேட்டால் பதில் இருக்கிறது. தினசரிக் கையெழுத்துக்கு எதற்கு என்று கேட்டால், வழக்கமாகப் போடுவதுதான் என்பார்கள். அவர் எங்கே ஓடிவிடப் போகிறார், வாரம் ஒரு நாள் போதாதா?

மறுபக்கம் சாமியார் குர்மீத் ராம் ரஹீமைப் பாருங்கள். இரண்டு பெண் சீடர்களைப் பாலியல் வன்கொடுமை செய்ததற்காக 2017இல் 20 ஆண்டு தண்டனை பெற்றவர். 2022 அக்டோபரில் 40 நாள் பரோலில் வந்து, உத்தரப்பிரதேசத்தின் பர்னாவா ஆசிரமத்தில் உட்கார்ந்துகொண்டு ஆன்லைனில் சத்சங்கம் நடத்தினார், ஹரியானா ஆளுங்கட்சிப் பிரமுகர்களே அதில் ஆசி கேட்டார்கள். 2024இல் ஹரியானா சட்டமன்றத் தேர்தல் நேரத்தில் விட்டபோதுதான் ஹரியானாவுக்குள் வரக்கூடாது, பிரசாரம் கூடாது என்றெல்லாம் நிபந்தனை வந்தது. அந்த நிபந்தனை சரி. ஆனால் தேர்தல் நேரத்தில் ஏன் விட வேண்டும்?

நீதிமன்றங்கள் இதைப் பார்க்காமல் இல்லை. 1978 மோத்தி ராம் வழக்கு ஜாமீன் வழக்குதான், ஆனாலும் இதே கதை. ஏழைக் கொத்தனாரிடம் 10,000 ரூபாய் ஜாமீன் கேட்டு, அவருடைய சகோதரர் ஜாமீன் நிற்க வந்தால் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று மறுத்தார்கள். உச்ச நீதிமன்றம் 1,000 ரூபாய் சொந்தப் பிணையில் (அவரே எழுதிக் கொடுக்கும் உறுதியில்) விடச் சொன்னது. 2024இல் குஜராத் கைதி ஒருவருடைய முன்விடுதலைக்கு 'இரண்டு வருடம் கண்ணியமாக நடந்துகொள்ள வேண்டும்' என்று அரசு போட்ட நிபந்தனையையும் அதே நீதிமன்றம் ரத்து செய்தது. கண்ணியம் என்றால் என்ன என்று எந்தச் சட்டத்திலும் இல்லையே, எவர் வேண்டுமானாலும் இழுத்து உள்ளே போடலாம்.

உங்கள் வீட்டிலும் யாராவது இப்படி மாட்டியிருந்தால், நிபந்தனையை மாற்றச் சொல்லி மனுப் போடலாம். வக்கீலுக்குக் காசு இல்லை என்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாகவே ஆள் தருவார்கள். மனுவில் பஸ் நேரம், தினக்கூலி, ஸ்டேஷன் தூரம் எல்லாவற்றையும் எழுதுங்கள். 'கஷ்டமாக இருக்கிறது' என்று மட்டும் எழுதினால் யாரும் திரும்பிப் பார்க்கமாட்டார்கள்.